பூட்டிய சிறுவர் அறையிலிருந்து கதை நோட்டுகளை எடுத்துத் தரக் கோரும் மனு

அனுப்புநர்:
வாசகர்களும் பெற்றோர்களும்,
ராயபுரம் பகுதி, வட சென்னை.

பெறுநர்:
உயர்திரு நூலக அலுவலர் அவர்கள்,
சென்னை.

பொருள்: கிளை நூலகச் சிறுவர் அறையில் உள்ள பிள்ளைகளின் கையெழுத்து நோட்டுகளை மீட்டுத் தருவதும் அறையைச் சீரமைப்பதும் தொடர்பாக.

பார்வை: இதே பொருளில் முன்பு கொடுத்த மனுக்கள். பதில் வரவில்லை.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். எங்கள் நூலகம் இருக்கும் சந்து தாங்கள் அறியாதது அல்ல. கல்மண்டபத்திலிருந்து காசிமேட்டுப் பக்கம் வரும்போது, வலை காயப்போட்டிருக்கும் சுவரை ஒட்டி உள்ளே திரும்ப வேண்டும். தாங்கள் ஆய்வுக்கு வந்தபோது சிறுவர் அறையில் பிள்ளைகளோடு உட்கார்ந்து பேசினீர்கள். அந்த உரிமையில்தான் மறுபடியும் எழுதுகிறோம்.

1. போன மழைக்காலத்தில் அந்த அறையின் கூரை ஒழுகி, காரை பெயர்ந்து விழுந்தது. யாருக்கும் அடியில்லை. பாதுகாப்புக்காக அறையைப் பூட்டினார்கள். அது சரிதான், அதில் எங்களுக்குக் குறையில்லை.

2. இங்கே பல வீடுகள் ஒற்றை அறைதான். மீன் ஏலத்துக்குப் போகும் அம்மாக்கள் நடுராத்திரி தாண்டியதுமே எழ வேண்டும் என்பதால் சீக்கிரமே விளக்கை அணைத்துவிடுவார்கள். வாசலுக்கு வந்தால் கன்டெய்னர் லாரி. பிள்ளைகள் சாயங்காலம் உட்கார அந்த அறையை விட்டால் வேறு இடம் கிடையாது.

3. எங்களை அதிகம் வருத்துவது இதுதான். அந்த அறையின் இரும்பு அலமாரியில் பிள்ளைகள் சேர்ந்து எழுதிய கதை நோட்டுகள் மாட்டிக்கொண்டிருக்கின்றன. கன்னல்பட்டினம் என்று ஒரு ஊரை அவர்களே கற்பனையில் கட்டினார்கள். அங்கே பொழுதை அளப்பது ஒரு சபை. நம் பழைய கணக்குதான்: நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம். அடியில் துளையிட்ட வட்டிலைத் தண்ணீரில் மிதக்கவிட்டு, அது நிறைந்து மூழ்கும் நேரத்தை நாழிகையாக வைத்தார்கள் அல்லவா, அதை இதே நூலகத்தில் படித்துவிட்டுத்தான் கதையையே ஆரம்பித்தார்கள். சபையில் வேலை பார்க்கும் ஒரு பெண், வட்டிலில் புகுந்த தண்ணீரைத் திரும்ப வெளியேற்றும் மந்திரத்தைக் கண்டுபிடிக்கிறாள். அதனால் ஒருவருடைய நாழிகையை எடுத்து இன்னொருவருக்குக் கொடுக்கலாம். ஆனால் புதிதாக நேரத்தை உண்டாக்க முடியாது. இங்கே கூடினால் அங்கே குறையும். இந்த விதியை வைத்தவன் ஐந்தாம் வகுப்புப் பையன். சபை என்ன செய்கிறது என்றால், துறைமுகக் கூலிகளின் தூக்கத்தைப் பிடுங்கி மாளிகைக்காரர்களின் ஆயுளில் சேர்க்கிறது. அவள் வட்டிலைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்து, கூலிகளுக்கே அந்த வித்தையைக் கற்றுத்தருகிறாள். சபை அவளைத் துரோகி என்று பறையறைந்து தேடுகிறது. ஐயா, இதை எழுதியவர்கள் தூக்கமில்லாத அம்மாக்களின் பிள்ளைகள். யாரும் சொல்லிக்கொடுத்து எழுதியது இல்லை.

ஜன்னல் கம்பி வழியாகப் பார்த்தால் அந்தக் கட்டு தெரிகிறது. இரண்டாவது தட்டில், சணல் கயிறு கட்டி, நீல அட்டை. அட்டை உப்பி, ஓரமெல்லாம் பூஞ்சணம் பிடித்துவிட்டது. மேல் நோட்டிலிருந்து மை இறங்கி அலமாரிக் கதவு வரைக்கும் கோடு விழுந்திருக்கிறது. வட்டிலின் உள்பாகங்களை அளவோடு வரைந்த பெண் இப்போது பிளஸ் டூ படிக்கிறாள். அவள் வந்து ஜன்னலில் நின்று பார்த்துவிட்டுப் போகிறாள். எந்தப் பெரியவரும் அவளுக்குப் பதில் சொல்ல முடியவில்லை.

4. கேட்டால் என்ன சொல்கிறார்கள் தெரியுமா? நோட்டுகள் இருப்புப் பதிவேட்டில் இல்லை, அதனால் அவற்றுக்கு நாங்கள் பொறுப்பில்லை என்கிறார்கள். சரி, அப்படியானால் எடுத்துக்கொள்கிறோம் என்றால், அறைக்குள் இருக்கும் எதையும் மேலிட உத்தரவு இல்லாமல் வெளியே கொடுக்க முடியாதாம். நூலகத்தின் பொருளும் இல்லை, எங்கள் பொருளும் இல்லை என்றால் அது யாருடையது? கறையானுடையதா? இதற்கு ஒரு கையெழுத்துப் போட இத்தனை மாதம் ஏன் ஆக வேண்டும்?

5. வேறு நோட்டில் திரும்ப எழுதலாமே என்று ஒருவர் சொன்னார். எங்களுக்கு வயிறு எரிந்தது. நகல் கிடையாது, போட்டோவும் எடுத்து வைக்கவில்லை.

6. சென்னையில் சொத்து வரியோடு நூலக வரியும் ரூபாய்க்கு 10 பைசா வசூலிக்கப்படுகிறது. 1948 ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டத்திலிருந்தே இந்த வரி உண்டு. எங்கள் தெருக்காரர்களும் கட்டுகிறார்கள். நாங்கள் தர்மம் கேட்கவில்லை.

7. கூரை வேலைக்கு மதிப்பீடு, நிதி, டெண்டர் என்று நாளாகும் என்பது புரிகிறது. அதற்குக் காத்திருக்கிறோம். ஆனால் அலமாரியைத் திறக்க டெண்டர் வேண்டாம். ஒரு ஊழியரைச் சாவியோடு அனுப்புங்கள். அரை மணி நேரம் போதும். பிள்ளைகளை உள்ளே விட வேண்டாம், பெரியவர்கள் நாங்கள் இருவர் தலைக்கவசம் போட்டுக்கொண்டு வருகிறோம், எழுதிக் கையெழுத்தும் போட்டுத் தருகிறோம். அடுத்த மழைக்கு முன்னால் செய்துவிடுங்கள் ஐயா. மழை வந்த பிறகு வரும் உத்தரவு எங்களுக்கு வேண்டாம்.

எனவே தயவுகூர்ந்து நோட்டுகளை எடுக்க உடனே உத்தரவிடுமாறும், அறை சரியாகும் வரை பெரியவர் பிரிவில் ஒரு மேசையைச் சாயங்காலம் பிள்ளைகளுக்கு ஒதுக்குமாறும் மீண்டும் மீண்டும் கேட்டுக்கொள்கிறோம். முதலில் நோட்டு, ஐயா. மற்றது பிறகு.

இப்படிக்கு,
வாசகர்கள், பெற்றோர்கள்

இணைப்பு: முந்தைய மனுக்களின் நகல்கள்; ஜன்னல் வழியாக எடுத்த படங்கள்; பிள்ளைகளின் கையெழுத்துகள்.