நியூகிரேஞ்சில் ஒளி வாசல் வழியே வருவதில்லை

ஆசிரியருக்கு,

அயர்லாந்தின் நியூகிரேஞ்ச் கல்லறை மேடு பற்றிய உங்கள் கட்டுரையில், குளிர்கால சூரிய உதய ஒளி வாசல் வழியே உள்ளறையை அடைவதாக வந்துள்ளது. அது தவறு. வாசலிலிருந்து உள்ளறைக்குப் போகும் 19 மீட்டர் நீளப் பாதையின் தரை உள்ளே போகப் போக ஏறக்குறைய 2 மீட்டர் உயர்கிறது. அதனால் வாசல் வழி நுழையும் ஒளி பாதி வழியிலேயே தரையில் பட்டு நின்றுவிடும். உள்ளறைவரை போவது, வாசலுக்கு மேலே தனியாக அமைத்த கூரைத் துளை வழியே வரும் கீற்றுதான். டிசம்பர் 21ஐ ஒட்டிய சில நாள்களில், சுமார் 17 நிமிடம் மட்டும்.

5,000 ஆண்டுகளாக உள்ளறை நனையாததன் காரணத்தையும் எழுதியிருக்கலாம். சாந்தே இல்லாமல், ஒவ்வொரு அடுக்குக் கல்லையும் சற்று உள்நோக்கி நீட்டி 6 மீட்டர் உயரக் கூரையை மூடியிருக்கிறார்கள். கற்களின் வெளிமுனை கொஞ்சம் தாழ்ந்திருப்பதால் மழைநீர் அறைக்குள் இறங்காமல் சுற்றியுள்ள மேட்டுக்குள் வடிந்துவிடும். பாதைக் கூரைக் கற்களின் மேல்பக்கம் நீரோடக் காடி வெட்டி, இடுக்குகளில் சுட்ட மண்ணும் கடல்மணலும் அடைத்தார்கள். அந்த மண்ணிலிருந்த கரியே கி.மு. 3200 என்ற காலக்கணிப்பைத் தந்தது. எவ்வளவு தேர்ந்த கைகள்!

படத்தில் பளிச்சிடும் வெள்ளைக் கல் முகப்பு மட்டும், 1962-75 அகழாய்வுக்குப் பின் கான்கிரீட் சுவரில் பதித்த மறுகட்டுமானம். அறிஞர்களிடையே இன்றும் சர்ச்சைக்குரியது. படக்குறிப்பில் இதைச் சேர்க்க வேண்டுகிறோம்.

– தொல்லியல் ஆர்வலர்கள், மதுரை