மணியின் சங்கிலி

பொகவந்தலாவை
ஞாயிறு

அன்புள்ள மகனுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். அம்மாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான். ஆனாலும் தேயிலைக் கொழுந்து எடுக்கப் போகிறாள். போகாவிட்டால் அந்த நாள் சம்பளமும் இல்லையே.

நீ எடுத்த வீடியோப் படங்களைத் தொங்கல் காம்பிரா, அதுதான் கடைசி வீட்டுப் பெரியம்மா பேத்தியின் போனில் பார்த்தோம். வாசல் இஸ்தோப்பில் பத்துப் பதினைந்து பேர். அந்தக் கொழும்பு ஐயா நாயைப் பார்த்து "சிட், சிட்" என்று கத்திக் கத்திக் கடைசியில் தானே புல்லில் உட்கார்ந்துவிடுகிறாரே, அங்கே பெரியம்மாவுக்குப் புரையேறிவிட்டது. துரை பங்களா நாய்க்கு இருக்கிற இங்கிலீஷ் நமக்கு இல்லை என்று அந்தக் காலத்தில் நாங்கள் சொல்வோம். தரையில் படுத்துத்தான் எடுத்திருக்கிறாய், எல்லாம் நாயின் கண் உயரத்தில் தெரிகிறது. நாய்க்குத் தான் நடிப்பது தெரியாது, ஐயாவுக்குத் தெரியும், சிரிப்பே அதில்தான். கெட்டிக்காரன். ஆனால் படம் எடுக்கிறாய் என்பதையே ஊரார் சொல்லித்தான் தெரிந்துகொண்டோம்.

நாய் கீறினாலும் சோப்புப் போட்டு ஓடுகிற தண்ணீரில் கால் மணி நேரம் கழுவு. உடனே ஆஸ்பத்திரிக்குப் போய் ஊசி போட்டுக்கொள். வீட்டு நாய்தானே என்று விடாதே.

தீபாவளிக்கு நீ வரவில்லை. கடை வேலை இருக்கிறதா, விட்டுவிட்டாயா? அம்மா கேட்கச் சொன்னாள். நான் கேட்கவில்லை.

அப்புறம் அந்த மூன்றாவது படம். நாய் எப்போதோ கழன்று போய்விட, ஆள் வெறும் சங்கிலியை இழுத்துக்கொண்டு அதோடு பேசிக்கொண்டே ரோட்டில் போகிறார். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நான் தேத்தண்ணி ஊற்றுகிற சாக்கில் உள்ளே போய்விட்டேன். தெரிந்து எடுத்தாயா மகன், தெரியாமல் எடுத்தாயா?

நம்ம வீட்டு நாய் மணி சங்கிலியை அறுத்துக்கொண்டு காட்டுப் பக்கம் ஓடியதாகவும் சிறுத்தைப் புலி பிடித்ததாகவும் உன்னிடம் சொன்னேன். மணி அறுக்கவில்லை. அன்று சம்பள நாள், குடித்திருந்தேன். விடாமல் குரைக்கிறதென்று இஸ்தோப்பிலிருந்து கொண்டுபோய்க் கொய்யா மரத்தில் கட்டினேன். நாய் தேடித்தான் புலி லயத்து வீடுகள் பக்கம் இறங்கும் என்று தெரிந்தவன்தான் நான். எதைப் பார்த்துக் குரைத்தது என்று யோசிக்கவில்லை. விடியப் போய்ப் பார்த்தால் சங்கிலி முழுசாகக் கிடந்தது, நுனியில் கழுத்துப்பட்டி. நீ எழும்புவதற்குள் கல்லை வைத்து நான்தான் தட்டி உடைத்தேன். அந்தத் துண்டைத்தான் நீ கொம்பாஸ் பெட்டியில் வைத்திருந்தாய்.

2020-இல் நல்லதண்ணிப் பக்கம் கருஞ்சிறுத்தை சுருக்குக் கம்பியில் மாட்டிச் செத்தபோது எல்லாரும் பாவம் என்றார்கள். "நம்ம மணியைத் தின்ற ஜாதிதானே" என்றேன் நான். உன் முன்னால்தான் சொன்னேன்.

இது அம்மாவுக்கும் தெரியாது. போன் எடுத்தால் அவளிடம் கேட்காதே. நான் மாலை ஐந்துக்குப் பிறகு வீட்டில்தான் இருப்பேன்.

ஊசியை மறக்காதே.

அப்பா