மல்லாரியைக் கணினியில் திருப்பாதீர்கள்: ஒரு நாடகக் குழுவுக்குத் திறந்த மடல்

அன்புடையீர்,

வணக்கம். கொழும்பில் மேடையேறவிருக்கும் உங்கள் நாடகத்தின் எழுத்துருவில், கோயில் வாசலில் ஒரு மல்லாரி (சுவாமி புறப்பாட்டின்போது நாதஸ்வரத்திலும் தவிலிலும் வாசிக்கும் உருப்படி) ஒலிக்க, முடிந்துபோன திருவிழா கொடியிறக்கத்திலிருந்து கொடியேற்றத்துக்குத் திரும்பிப் போகிறது. ‘காலம் மீளும் மல்லாரி’ என்று பெயரும் வைத்திருக்கிறீர்கள். அப்படியோர் உருப்படி எந்தக் கோயிலிலும் கிடையாது. கற்பனைதானே, அதில் எங்களுக்கு மனத்தாங்கல் இல்லை. பழைய ஒலிப்பதிவு ஒன்றைக் கணினியில் தலைகீழாக ஓட்டி அதற்கான இசையை எடுத்துக்கொள்ளலாம் என்ற முடிவைத்தான் மாற்றச் சொல்கிறோம். இதை மேடையில் ஆள் வைத்தே வாசிக்கலாம்.

ஒலிப்பதிவைத் திருப்பினால் என்ன ஆகும்? தவிலில் அடி சட்டென்று எழும்பி மெல்ல அடங்கும். திருப்பியதும் அது மெல்லப் பெருத்து வெட்டுப்பட்டு நிற்கும். தவிலின் வலப்பக்கமான வலந்தலையின் கூர்மை அத்தனையும் போய்விடும். நாதஸ்வரத்தில் நீட்டி நிற்கும் கார்வைகளோ திருப்பினாலும் பெரிதாக மாறுவதில்லை. நாக்கால் தட்டி ஊதும் துத்துக்காரம் மட்டும் ஸ்வரத்தின் வாலுக்குப் போய் விக்கல் மாதிரிக் கேட்கும். ஆகவே குழலும் மேளமும் இரண்டு வெவ்வேறு உலகத்தில் நிற்கும். காலம் திரும்புகிறது என்று யாருக்கும் தோன்றாது. ஸ்பீக்கர் பழுது என்றுதான் நினைப்பார்கள்.

மல்லாரிக்குரிய கம்பீரநாட்டையையே வைத்துக்கொள்ளுங்கள். ஏறும்போது ச க ம ப நி ச, இறங்கும்போது ச நி ப ம க ச. போன வழியே திரும்பி வரும் ராகம். எந்தச் சங்கதியைப் புரட்டினாலும் ராகம் கெடாது. பிலஹரி போன்ற ஒன்றில் இது நடக்காது: அதன் இறக்கத்தில் மட்டும் வரும் மத்யமமும் நிஷாதமும் புரட்டியதும் ஏற்றத்துக்குள் வந்து விழும்.

ஸ்வரத்தை எழுத்தெழுத்தாகப் புரட்டும்போது கார்வைதான் காலை வாரும். ‘ச க ம ப , , நி ச’ என்பதில் பஞ்சமம் மூன்று எண்ணிக்கை நிற்கிறது. அப்படியே திருப்பினால் ‘ச நி , , ப ம க ச’ ஆகி, நிஷாதம் மூன்று எண்ணிக்கை நின்று பஞ்சமம் ஒன்றோடு ஓடிவிடும். சரியான வடிவம் ‘ச நி ப , , ம க ச’. கணினியில் எழுதித் தருகிறவருக்கு இதை முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

ஆனால் இவ்வளவு செய்தும் ஸ்வரம் புரண்டது சபைக்குத் தெரியாது. ராகத்தின் வசதியே இங்கே இடைஞ்சல். காலம் பின்னோக்கிப் போவதைக் காதில் ஏற்றுவது காலப்பிரமாணம், அதாவது வேகம்தான். வழமையில் மல்லாரி முதற்காலத்தில் தொடங்கி இரண்டாம், மூன்றாம் காலங்களுக்கு ஏறும். ஒவ்வொன்றும் முந்தியதைப் போல இருமடங்கு வேகம். நீங்கள் மூன்றில் தொடங்கி இறங்குங்கள். ஆதி தாளத்தில் (எட்டு அட்சரம், அதாவது எட்டு எண்ணிக்கை, ஓர் ஆவர்த்தனம்) 32 அட்சரம் கொண்ட அமைப்பை எடுத்து, ஓர் அட்சரத்துக்கு ஒன்றரைச் செக்கன் வைத்தால், மூன்றாம் காலம் ஓர் ஆவர்த்தனம், 12 செக்கன், இரண்டாம் காலம் 24, முதற்காலம் 48. அட்சரத்துக்கு மூன்றாகப் போகும் திஸ்ரத்தையும் நடுவில் நுழைக்க ஆசை வரும். 32 மூன்றால் வகுபடாது, மூன்று தடவை வாசித்தால்தான் சமத்துக்கு, அதாவது ஆவர்த்தனத்தின் முதல் அடிக்கு, வரும். அதற்கே இன்னொரு 48 செக்கன் போகும். காட்சி தாங்காது, விட்டுவிடுங்கள்.

தாளத்தின் அங்கங்களையும் திருப்பி, இரண்டு அட்சரத் துருதம் இரண்டை முன்னும் நான்கு அட்சர லகுவைப் பின்னும் வைக்கலாம் என்று யாராவது சொல்வார்கள். கேட்காதீர்கள். சபைக்கு அது கேட்கப்போவதில்லை. தாளக்காரர்தான் சமத்தைத் தொலைப்பார்.

தவிலுக்கு வருவோம். முடிவில் வரவேண்டிய தீர்மானத்தை (மூன்று முறை வரும் முடிப்பு அடிகளை) முதலில் வையுங்கள். 9, 7, 5 என்று தேயும் கோபுச்ச யதியை 5, 7, 9 என்று விரியும் ஸ்ரோதோவக யதியாக்குங்கள். ஒரு சுற்று 21, மூன்று சுற்று 63. அட்சரத்துக்கு நான்கு வீதம் இரண்டு ஆவர்த்தனத்தில் 64 மாத்திரை. மிஞ்சும் ஒன்றை வழமையில் தொடக்கத்தில் தள்ளி, தீர்மானத்தைச் சமத்தில் இறக்குவோம். இங்கே சமத்தில் தொடங்கி, அந்த ஒன்றைக் கடைசியில் வெறுமையாக விடுங்கள். அடுத்த சமத்தில் நாதஸ்வரம் மூன்றாம் காலத்தில் பாயட்டும். தவில் அடிகளை வாயால் சொல்லும் சொற்கட்டை எழுத்தெழுத்தாகப் புரட்டச் சொல்ல வேண்டாம். ‘ததிகிணதொம்’ விரலுக்குப் பழகியது; ‘தொம்ணகிதித’ வேகத்தில் கையைக் கட்டிப்போடும். தீர்மானத்தின் 24 செக்கனும் மூன்று காலங்களும் எல்லாம் சேர்த்து 108 செக்கன்.

இரண்டு நாதஸ்வரம், இரண்டு தவில், தாளம், சுருதிப்பெட்டி போதும். முதற்காலத்துக்கு வந்ததும் இரண்டாவது தவில் ஓயட்டும்.

இனி நடைமுறைச் சிக்கல். வழமையில் ஆலாபனையும் முதற்காலமும் போவதற்குள் நாதஸ்வரத்தின் ஊதுநாக்கான சீவாளி நனைந்து பதத்துக்கு வந்துவிடும். இங்கே எடுத்த எடுப்பிலேயே மூன்றாம் காலம். ஏசி மண்டபத்தில் காய்ந்த சீவாளி முதல் மேல்ஷட்ஜத்திலேயே பிசிறடிக்கும். மேடை ஏறுமுன் பத்து நிமிடமாவது ஊதிப் பார்க்க, சத்தம் சபைக்கு எட்டாத ஓர் அறை தேவை. மேடைப் பின்திரை அதற்கு உதவாது. மாற்றுச் சீவாளிகளும் கையில் இருக்கவேண்டும். தவிலையும் மண்டபக் குளிரில் முன்னதாகவே வைத்து, அதன்பிறகு தோலை இறுக்கும் வாரைப் பிடியுங்கள். கொழும்பின் ஈரக்காற்றில் பிடித்த சுருதி உள்ளே வந்ததும் ஏறிவிடும். மூடிய மண்டபத்தில் தவிலுக்கு மைக் வேண்டவே வேண்டாம். நாதஸ்வரத்துக்குக் கட்டாயம் வேண்டுமென்றால் குழலின் அடிமுனையான அணசுக்கு நேரே வைக்காமல் பக்கவாட்டில் தள்ளி வையுங்கள்.

எழுத்துருவில் சுவாமி இடப்புறமாக வீதி சுற்றுவதாக ஒரு குறிப்பு இருக்கிறது. வெறும் வாகனச் சட்டத்தோடு அதைச் செய்யுங்கள். பூசையில் இருக்கும் விக்கிரகத்தையோ வேலாயுதத்தையோ கடன் வாங்கி அப்படிச் சுற்றவேண்டாம். அப்படியென்றால் வாசிக்க எவரும் வரமாட்டார்கள்.

108 செக்கன் காட்சிக்கு நீளம் என்றால் ஒத்திகைக்கு முன்பே சொல்லுங்கள். 32 அட்சரத்தை 16 ஆக்கலாம். முதற்காலத்தை மட்டும் வெட்டக் கேட்காதீர்கள்.

இப்படிக்கு,
கொழும்பில் நாதஸ்வரமும் தவிலும் வாசிக்கும் சிலர்