நெற்றியில் மாட்டினால் மார்க் ஏறுமா?

ஆசிரியருக்கு வணக்கம். மாணவர்களின் கவனத்தைக் கூட்டும் மூளை அலை ஹெட்பேண்ட் பற்றி உங்கள் நாளிதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். 22 வருடம் இ.இ.ஜி., அதாவது மூளையின் மின் அலைப் பதிவு, எடுத்தே காலம் தள்ளியவன் என்பதால் சும்மா இருக்க முடியவில்லை.

முந்தின நாளே சொல்லி அனுப்புவோம், ஷாம்பூ போட்டுத் தலைக்குக் குளியுங்கள், எண்ணெய் வைக்காதீர்கள் என்று. அப்படியும் பாதிப் பேர் எண்ணெய் வழிய வந்து நிற்பார்கள். அப்புறம் டேப்பால் மண்டையை அளந்து, குறி போட்டு, தோலைத் தேய்த்து, பேஸ்ட் வைத்து இருபது எலக்ட்ரோடுக்கு மேல் ஒட்ட வேண்டும். இவ்வளவு பாடு எதற்கென்றால், மூளையின் மின்சாரத்தில் மண்டையோட்டைத் தாண்டி நம் கைக்கு வருவது வெறும் சில பத்து மைக்ரோவோல்ட்தான் (ஒரு வோல்ட்டில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு ஒரு மைக்ரோவோல்ட்). ஒரு கண் சிமிட்டல் போதும், அதைவிடப் பெரிய அலை எழுந்து பதிவைக் கெடுத்துவிடும். பல்லைக் கடித்தாலோ கேட்கவே வேண்டாம், தாடைத் தசையின் மின்சாரம் புகுந்து திரை முழுக்க முள்வேலி.

என் அண்ணன் மகள் நீட் தேர்வுக்கென்று ஒரு ஹெட்பேண்ட் வாங்கியிருந்தாள். நெற்றியிலும் காதோரத்திலும் நாலைந்து உலோகப் பொட்டுகள், அவ்வளவுதான். அதை மாட்டிக்கொண்டு வேண்டுமென்றே பல்லை லேசாகக் கடித்தேன். அதன் செல்போன் ஆப் காட்டும் கவன மதிப்பெண் விறுவிறுவென ஏறி, ஆப் என்னைப் பாராட்டியது!

கருவி முழுப் பொய் என்று சொல்ல வரவில்லை. கண்ணை மூடி ஓய்வாக இருந்தால் 8 முதல் 13 ஹெர்ட்ஸ் வரையிலான ஆல்ஃபா அலை தெரியும், ஜெர்மானிய மனநல மருத்துவர் ஹான்ஸ் பெர்கர் 1929லேயே எழுதி வைத்தது. அதைக் காட்டிவிட்டு மார்க் ஏறும் என்று விற்பதுதான் வயிற்றெரிச்சல்.

சீனாவின் ஜின்ஹுவா நகரில் ஒரு தொடக்கப் பள்ளியில் பிள்ளைகளுக்கு இப்படி மாட்டிவிட்டார்கள். கவனித்தால் நெற்றி விளக்கு சிவப்பு, கவனம் சிதறினால் நீலம், விவரம் ஆசிரியரின் கம்ப்யூட்டருக்குப் போய்விடும். 2019ல் ஊரே கொதித்ததும் நிறுத்தினார்கள். சிலி நாட்டிலோ, முன்னாள் செனட்டர் ஒருவர் இத்தகைய கருவி தன்னிடம் எடுத்த மூளைத் தரவுக்காக வழக்குப் போட்டார்; அதை அழிக்கும்படி 2023ல் உச்ச நீதிமன்றமே உத்தரவிட்டது.

நம் ஊர்ப் பள்ளி ஏதாவது இதற்குப் பணம் கட்டச் சொன்னால், ஆப் காட்டும் கவன மதிப்பெண்ணை விட்டுவிட்டு அலையின் மூலப் பதிவைக் காட்டச் சொல்லுங்கள். பிள்ளையின் தரவு எந்த சர்வரில் எத்தனை வருடம் இருக்கும் என்பதையும் எழுத்தில் வாங்குங்கள். அப்படியே, பல்லைக் கடித்தும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

- ஓய்வுபெற்ற இ.இ.ஜி. டெக்னீஷியன், மதுரை