ஷெல்லி டுவால் வெறும் அலறல் அல்ல

ஆசிரியர் அவர்கட்கு,

நமது சினிமாப் பக்கங்களில் அமெரிக்க நடிகை ஷெல்லி டுவாலின் பெயர் வந்தால், 'த ஷைனிங்' படத்தில் அலறிய பெண் என்பதோடு கதை முடிந்துவிடுகிறது. 1980இல் வந்த அந்தப் படத்தைத் திகில் பட ரசிகர்கள் இன்றும் கொண்டாடுகிறார்கள். சரி. ஆனால் வெளிவந்த காலத்தில் அதே நடிப்புக்காக அவரை 'மோசமான நடிகை' விருதுக்குப் பரிந்துரைத்துக் கேலி செய்தார்கள். மோசமான படங்களைக் கேலி செய்து வழங்கும் அந்த ராஸி விருதின் குழு, பரிந்துரையைத் திரும்பப் பெற 2022 வரை ஆனது. மட்டையைப் பிடித்தபடி மாடிப்படியில் அவர் பின்வாங்கும் காட்சியைப் பாருங்கள். அந்தக் கை நடுக்கத்தைப் பார்த்தும் நடிக்கத் தெரியாதவர் என்று எப்படிச் சொன்னார்களோ!

அதற்கு முன்பே, ரொபர்ட் ஆல்ட்மன் இயக்கிய '3 விமன்' படத்துக்காக 1977இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது பெற்றவர் அவர். அப்புறம் 1982 முதல் சிறுவர்களுக்கான தேவதைக் கதைகளைத் தொலைக்காட்சித் தொடராக அவரே தயாரித்து, தொகுத்தும் வழங்கினார். திகில் படத்தில் நடுங்கிய அதே முகம் பிள்ளைகளுக்குக் கதை சொன்னது. எனக்கு மிகவும் பிடித்தது அதுதான்.

2024 ஜூலை 11இல், 75 வயதில் டெக்சாஸில் காலமானார். அவருடைய முழுத் திரைவாழ்வையும் சொல்லும் ஒரு கட்டுரையைத் தங்கள் வாரமலரில் வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகி, வெள்ளவத்தை, கொழும்பு 6