முத்துலட்சுமி ரெட்டியின் கதைக்குக் கைகொடுத்தவர்களுக்கு

அன்புள்ள அனைவருக்கும் வணக்கம்.

டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் வாழ்க்கையைப் பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளுக்காக எழுதிக்கொண்டிருந்தேன் அல்லவா, அந்தப் புத்தகம் ஒருவழியாக அச்சுக்குப் போய்விட்டது. அட்டையில் என் பெயர் மட்டும்தான் இருக்கும். அது நியாயமில்லை.

முதலில் நூலக ஊழியர்களுக்கு. அம்மையார் ஆங்கிலத்தில் எழுதிய தன்வரலாறு கையில் இருந்தது. ஆனால் சென்னைச் சட்டசபையில் உறுப்பினராக இருந்த அவரை எதிர்த்தவர்கள் அங்கே என்ன பேசினார்கள் என்று அறிய 1927 முதலான சட்டசபை நடவடிக்கைக் குறிப்புகள் வேண்டியிருந்தன. தொட்டால் உதிரும் அந்தத் தொகுதிகளை முகம் சுளிக்காமல் எடுத்துத் தந்தீர்கள். மின்சாரம் போன மதியத்தில் ஜன்னலோரமாக மேசையை நகர்த்திப் போட்டதையும் மறக்கமாட்டேன்.

அப்புறம், கைப்பிரதியை வகுப்பில் படித்துப் பார்த்த புதுக்கோட்டைப் பிள்ளைகள். ஆண்கள் மட்டுமே படித்த மன்னர் கல்லூரியில் அவர் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து பாடம் கேட்டார் என்று எழுதியிருந்தேன். உடனே ஒரு சிறுமி, "திரைக்குப் பின்னால இருந்தா கரும்பலகை எப்படித் தெரியும்?" என்று கேட்டாள். பெரியவர்கள் யாருமே கேட்காத கேள்வி! அந்த அத்தியாயம் இப்போது அவள் கேள்வியோடுதான் தொடங்குகிறது.

மிகக் கடினமாக இருந்தது தேவதாசி முறை ஒழிப்பு பற்றிய அத்தியாயம். பிள்ளைகளிடம் பொய் சொல்லவும் கூடாது, அவர்களைக் கலங்கடிக்கவும் கூடாது. தமிழாசிரியை ஒருவர் வரி வரியாக என்னோடு உட்கார்ந்தார். நாட்டியக் குடும்பத்தைச் சேர்ந்த மூதாட்டி ஒருவர் தன் பாட்டியின் கதையைச் சொன்னார். சிறுமிகளைக் கோயிலுக்குப் பொட்டுக்கட்டி விடுவதை நிறுத்த அம்மையார் போராடினார். 1947-இல் சட்டம் முழுமையாக வந்தது. அதே காலத்தில், ஆடியும் பாடியும் வாழ்ந்த பல பெண்கள் பிழைப்பையும் மதிப்பையும் இழந்தார்கள். இரண்டும் ஒரே பக்கத்தில் இருக்க வேண்டும் என்று அந்த மூதாட்டி கேட்டுக்கொண்டார். இருக்கிறது, பாட்டி. சிறுவர் நூல் என்பதற்காக ஒரு பக்கத்தை மறைக்கக் கூடாது என்பதில் எனக்கு இப்போது துளியும் சந்தேகமில்லை.

தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்த அம்மையார் 1954-இல் அடையாறில் புற்றுநோய் மருத்துவமனையைத் திறந்தார். அந்தக் காலத்தில் இந்த நோயைக் கண்டுபிடிப்பதே எவ்வளவு சிரமம் என்று பொறுமையாக விளக்கிய ஓய்வுபெற்ற மருத்துவருக்கும், 1912-இல் பட்டம் பெற்ற பெண் எப்படிப் புடவை கட்டியிருப்பார் என்று பழைய புகைப்படங்களைத் தேடித் தேடி வரைந்த ஓவியருக்கும் என் நன்றி. பின்னட்டைப் படம் அவ்வளவு அழகு!

படிகள் வந்ததும் முதல் கட்டு புதுக்கோட்டைப் பள்ளிக்குப் போகும். பாட்டிக்கான படியை நானே நேரில் கொண்டுவந்து தருகிறேன். எழுத்து சிறியது என்பதால் அந்த அத்தியாயத்தை உட்கார்ந்து படித்தும் காட்டுகிறேன்.

அன்புடன்,
உங்கள் எழுத்தாளர்