பிரெஞ்சுப் பங்குத்தந்தையரும் வரி கட்டினார்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரசு உதவி பெறும் பள்ளிகளில் பணிபுரியும் அருட்தந்தையர், அருட்சகோதரிகளின் சம்பளத்தில் வருமான வரி பிடிக்கலாம் என்று 2019-ல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னதும், அதை 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்ததும் தெரிந்ததே. இதை ஒட்டிச் சென்ற இதழில் நீங்கள் வெளியிட்ட கட்டுரையைப் படித்தேன். தீர்ப்பைப் பற்றிய பகுதியில் எனக்கு மாறுபாடு இல்லை. ஆனால் அதற்கு முன்னுரையாகப் பிரெஞ்சுப் புரட்சியைக் கொண்டுவந்த கட்டுரையாளர், பிரான்சில் குருமார் வரியே கட்டியதில்லை, மக்களிடம் தசமபாகம் (விளைச்சலில் பத்தில் ஒன்று என்ற பெயரில் எடுத்த பங்கு) வாங்கி வளமாக வாழ்ந்தார்கள், சலுகைகளை ஒழிப்பதாகத் தேசிய சபை முடிவெடுத்த 1789 ஆகஸ்ட் 4 இரவோடு உழவரின் சுமை இறங்கிவிட்டது என்று மூன்று வரிகளில் முடித்துவிட்டார். மூன்றிலும் பிழை இருக்கிறது. பல ஆண்டுகள் இந்தப் பாடத்தை வகுப்பில் நடத்தியவன் என்பதால் எழுதாமல் இருக்க முடியவில்லை.

குருமாருக்கும் அரசனுக்கும் வரி வழக்கு மிகப் பழையது. 1296-ல் எட்டாம் போனிஃபாஸ் என்ற திருத்தந்தை, தம் அனுமதி இல்லாமல் எந்தக் குருவும் எந்த அரசனுக்கும் வரி தரக்கூடாது என்று ஆணை போட்டார். பிரெஞ்சு அரசன் நான்காம் பிலிப் பொன்னும் வெள்ளியும் நாட்டைவிட்டு வெளியே போகத் தடை விதித்தான். ரோமுக்குப் போய்க்கொண்டிருந்த பணம் நின்றது. மறு ஆண்டே திருத்தந்தை இறங்கிவந்து, நெருக்கடிக் காலத்தில் அரசன் தம்மைக் கேட்காமலே குருமாரிடம் வரி வாங்கலாம் என்று ஒப்புக்கொண்டார்.

கட்டுரையாளர் பேசும் புரட்சிக்கு முந்தைய ஏற்பாடு 1561-ல் புவாசி என்ற ஊரில் கையெழுத்தான ஒப்பந்தத்திலிருந்து தொடங்குகிறது. கடனில் மூழ்கியிருந்த அரசனுக்கு ஆண்டுக்கு 16 லட்சம் லிவ்ர் (அன்றைய பிரெஞ்சு நாணயம்) வீதம் ஆறு ஆண்டுகள் தரத் திருச்சபை அன்று இசைந்தது. அதன் பிறகு குருமாரின் பிரதிநிதிகள் குறிப்பிட்ட ஆண்டுகளில் பேரவையாகக் கூடுவதும், அரசன் கேட்கும் தொகையைப் பேரம்பேசி வாக்களிப்பதும் வழக்கமாயிற்று. பிற்காலத்தில் ஐந்தாண்டுக்கு ஒருமுறை கொடுத்த தொகைக்கு ‘விருப்பக் கொடை’ என்று பெயர். மற்றவர்களைப் போல அரசு அதிகாரி வந்து கணக்குப் பார்த்து வசூலிக்கும் வரிக்குத்தான் அவர்கள் கடைசிவரை உடன்படவில்லை. 1749-ல் நிதி அமைச்சர் மஷோ எல்லோர் வருமானத்திலும் இருபதில் ஒரு பங்கு என்று புதிய வரி கொண்டுவந்தார். மறு ஆண்டு குருமாரும் தங்கள் வருமானத்தைக் கணக்குக் காட்ட வேண்டும் என்று ஆணை வந்தபோது ஆயர்கள் கொதித்தெழுந்தார்கள். 1751 டிசம்பரில் பதினைந்தாம் லூயி பின்வாங்கினான். 1788-ல், அரசு திவாலாகும் நிலையில் 80 லட்சம் கேட்டபோது பேரவை கொடுக்க முன்வந்தது 18 லட்சம்தான். இந்தச் சலுகையை நான் நியாயப்படுத்தவில்லை. புரட்சிக்கு வழிவகுத்த குற்றங்களில் அதுவும் ஒன்று. ஆனால் ‘வரியே கட்டவில்லை’ என்று எழுதினால், அந்தப் பணத்தை யார் கட்டினார்கள் என்ற கேள்வியே எழாமல் போய்விடுகிறது.

திருச்சபை அந்தத் தொகையைப் பெரும்பாலும் கடன் வாங்கித்தான் அரசனுக்குக் கொடுத்தது. வாக்குத் தவறும் அரசனைவிடத் திருச்சபையை நம்பிக் குறைந்த வட்டிக்குக் கடன் கொடுக்க ஆள் இருந்தார்கள். அந்தக் கடனின் வட்டியையும் முதலையும் அடைக்க ஒவ்வொரு மறைமாவட்டத்திலும் குருமாரிடமே ஆண்டுதோறும் வரி தண்டினார்கள். மலையடிவாரக் கிராமத்துப் பங்குத்தந்தையும் அதைக் கட்டினார். யாருக்கு எவ்வளவு என்று பங்கிட்ட அலுவலகங்களில் ஆயரும் பெரிய மானியக்காரர்களும் (பதவியோடு வரும் திருச்சபை வருமானத்தை அனுபவித்தவர்கள்) உட்கார்ந்திருந்தார்கள். கிராமக் குருவின் குரல் அங்கே எடுபடவில்லை. 18-ஆம் நூற்றாண்டின் நடுவில் மானியங்களை வகுப்புகளாகப் பிரித்து ஏழைக் குருமாரின் சுமையைக் குறைக்கும் முயற்சி ஒன்று நடந்தது உண்மை. அதற்குப் பிறகும், 1789-ல் அரசனுக்கு அனுப்பிய குறைப்பட்டியல்களில் பங்கீடு நியாயமாக இல்லை என்று பங்குத்தந்தையர் ஊர் ஊராக எழுதினார்கள்.

இனி தசமபாகம். அதைக் காணிக்கை என்று நினைப்பவர்கள் இன்றும் பலர். 585-ல் மாக்கோன் ஆயர் சங்கம் அதைக் கொடுக்காதவர்களைத் திருச்சபையிலிருந்து விலக்கச் சொன்னது. 779-ல் பிராங்கு அரசன் சார்லமேன் அரசாணையாலேயே அதைக் கட்டாயமாக்கினான். ஆயர், குருமார், கோவில் பராமரிப்பு, ஏழைகள் என்று நான்காகப் பிரிக்கும் பழைய விதி ஒன்று இருந்தது. இதில் முதலில் மறைந்தது ஏழைகளின் பங்குதான்.

அறுவடை நாளில் கதிர்க்கட்டுகளை வயலிலேயே அடுக்கிவைத்துவிட்டு உழவர் காத்திருப்பார். வசூல்காரர் வந்து எண்ணி எடுத்த பிறகுதான் தம் பங்கை வீட்டுக்குக் கொண்டுபோகலாம். அதற்குள் மழை வந்தால் நட்டம் உழவருக்கு. வீதம் ஊருக்கு ஊர் வேறு. சரியாகப் பத்தில் ஒன்று என்பது அரிது, பல இடங்களில் அதற்கும் குறைவு. ஆனாலும் அது மொத்த விளைச்சலில் எடுத்த பங்கு. விதைக்கும் கூலிக்கும் கழிவு கிடையாது. கோதுமை, ஓட்ஸ், திராட்சை ரசம் ஆகியவை பெரிய தசமபாகம். காய்கறி, பழம் ஆகியவை சிறியது. ஆட்டுக்குட்டிக்கும் பன்றிக்குட்டிக்கும் தனி. மக்காச்சோளமும் உருளைக்கிழங்கும் வந்தபோது, முன்னோர் கொடுக்காத பயிருக்கு நாங்கள் ஏன் கொடுக்க வேண்டும் என்று உழவர்கள் வழக்காடினார்கள்.

அந்தக் கதிர்க்கட்டுகள் போய்ச் சேர்ந்த இடத்தைத்தான் கட்டுரை சொல்லவே இல்லை. பல ஊர்களில் பெரிய தசமபாகம் தொலைவிலிருந்த துறவு மடத்துக்கோ, பேராலயக் குருமார் குழுவுக்கோ உரியது. சில இடங்களில் குருவே அல்லாத பிரபுக்கள் அதைத் தலைமுறைச் சொத்தாக வைத்திருந்தார்கள். அவர்கள் வசூல் உரிமையைக் குத்தகைக்கு விட்டுவிட்டு ஊர்ப்பக்கமே வராமல் இருக்கலாம். திருமுழுக்கு கொடுத்து, சாகக்கிடப்பவருக்கு நற்கருணை கொண்டுபோய், பஞ்சத்தில் கதவைத் தட்டுபவருக்குக் கஞ்சி ஊற்றிய பங்குத்தந்தைக்கு அப்படிப்பட்ட ஊர்களில் கிடைத்தது சட்டம் நிர்ணயித்த வாழ்வூதியம். 1686-ல் அது ஆண்டுக்கு 300 லிவ்ர். விலைவாசி ஏறிக்கொண்டே போக, 500 ஆனது 1768-ல்தான். உதவிக் குருவுக்கு அதிலும் பாதிக்கும் குறைவு. கோவில் பழுதானால் பீடப் பகுதியைத் தசமபாகம் பெறுபவரும், மக்கள் நிற்கும் பகுதியையும் பங்குத்தந்தையின் வீட்டையும் ஊராரும் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று 1695 ஆணை சொன்னது. தசமபாகம் கொடுத்த ஊரே கோவிலுக்கும் மறுபடி கொடுத்தது.

தென்கிழக்கு பிரான்சின் தோஃபினே பகுதிப் பங்குத்தந்தையர் இந்தக் குறைந்த ஊதியத்தை எதிர்த்து அணிதிரண்டார்கள். வியன் நகரில் பங்குத்தந்தையாக இருந்த ஆன்ரி ரேமோன் அவர்களுக்காக எழுதினார், வாதாடினார். அரசின் முதல் பதில் 1782-ல் வந்தது: பங்குத்தந்தையர் அனுமதியின்றிக் கூட்டம் கூடக்கூடாது. 1786-ல் ஊதியம் 700 ஆயிற்று. கூடுவதைத் தடுத்ததில் ஏற்பட்ட மனக்கசப்பை அந்த உயர்வு ஆற்றவில்லை என்பதே என் கருத்து.

1789-ல் நடந்ததை இந்தப் பின்னணியில் பாருங்கள். குருமார் (முதல் எஸ்டேட்), பிரபுக்கள், மற்ற மக்கள் (மூன்றாம் எஸ்டேட்) என்ற மூன்று பிரிவினரின் பிரதிநிதிகளையும் அரசன் அந்த ஆண்டு வெர்சாயில் கூட்டினான். அதற்கான தேர்தல் விதிகள் பங்குத்தந்தையர் ஒவ்வொருவருக்கும் நேரடி வாக்கு கொடுத்தன. மடங்களுக்குப் பிரதிநிதி வழியாக மட்டும். வெர்சாய்க்கு வந்த முதல் எஸ்டேட் உறுப்பினர் சுமார் 300 பேரில் 200-க்கும் மேற்பட்டவர்கள் பங்குத்தந்தையர். ஜூன் 13 அன்று புவாத்தூ பகுதியிலிருந்து வந்த மூன்று பங்குத்தந்தையர் தம் அவையை விட்டெழுந்து மூன்றாம் எஸ்டேட்டின் அவைக்குள் நடந்தார்கள். ஆறு நாளில் குருமார் அவையில் பெரும்பான்மையே அந்தப் பக்கம் சாய்ந்தது. மூன்றாம் எஸ்டேட் அந்த நாட்களில் தனக்குச் சூட்டிக்கொண்ட பெயர்தான் தேசிய சபை. நாம் பெருமையாகச் சொல்லும் அந்தச் சபை நிலைத்து நிற்க இவர்கள் கைகொடுத்தார்கள். அவர்களை ஆயர்களோடு ஒரே கூடையில் போட்டு ‘வளமாக வாழ்ந்த குருமார்’ என்று எழுதுவது அநீதி.

கடைசியாக ஆகஸ்ட் 4. அந்த இரவின் முடிவுகளைச் சட்டமாக்கிய 11-ஆம் தேதி ஆணை, திருச்சபையிடமிருந்த தசமபாகத்தை இழப்பீடின்றி ஒழித்தது. தாமே குருவாக இருந்தும் மூன்றாம் எஸ்டேட்டின் குரலாக இருந்த அபே சியேஸ் அதை எதிர்த்துப் பேசினார். அவர் தம் வகுப்பைக் காக்கப் பார்த்தார் என்று பலர் அன்று ஏசினார்கள். ஆனால் அவர் எழுப்பிய கேள்வி சரியானது: இழப்பீடின்றி ஒழித்தால் அந்த லாபம் நிலவுடைமையாளருக்குத்தானே போகும்? அப்படியே ஆயிற்று. தசமபாக வசூல் 1791 தொடக்கத்தில்தான் நின்றது. அதற்கு முந்தைய மாதம், 1790 டிசம்பரில், குத்தகைதாரர் அதுவரை கொடுத்துவந்த தசமபாகத்தின் மதிப்பைக் குத்தகையோடு சேர்த்து நில உரிமையாளருக்குக் கொடுக்க வேண்டும் என்று சட்டம் வந்தது. சொந்த நிலம் இருந்தவருக்குச் சுமை இறங்கியது. குத்தகைக்கு உழுதவருக்கு, வாங்குகிறவர் மட்டும் மாறினார்.

பங்குத்தந்தையருக்கு 1,200 லிவ்ருக்குக் குறையாத ஊதியத்தை அரசே தரும் என்று 1789 நவம்பரில் தேசிய சபை வாக்களித்ததையும், அதே நாளில் திருச்சபைச் சொத்து முழுவதையும் தேசத்தின் கையில் ஒப்படைத்ததையும் கட்டுரையாளர் அறியாதவராக இருக்க முடியாது. சொத்தை எடுக்கும் அந்த யோசனையை முன்வைத்தவர் ஓத்தூன் நகர ஆயர் தாலெய்ரான். சில ஆண்டுகளுக்கு முன்புவரை திருச்சபையின் நலன்களையும் வரவுசெலவையும் அரசின் முன் காத்துவந்த முகவரும் அவரே.

ஆசிரியர் அவர்கள் அடுத்த இதழில் ஒரு திருத்தக் குறிப்பு வெளியிட வேண்டுகிறேன். இடம் குறைவு என்றால் 1790 டிசம்பர் சட்டத்தை மட்டுமாவது குறிப்பிடுங்கள். உங்கள் இதழைப் படித்துத் தேர்வு எழுதப் போகும் பிள்ளைகள் நிறையப் பேர் இருக்கிறார்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர் ஒருவர்,
பாளையங்கோட்டை.